தனியார் வங்கி மீது அரசியலமைப்புச் சட்டப்படி வழக்குப் போட முடியுமா?

பினாங்கு லிட்டில் இந்தியாவிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்.

"வணக்கம் வக்கீல் ஐயா. லெபோ பாசார் பக்கம் பல வருடமாகப் பூஜைச் சாமான், பித்தளைப் பொருள் வியாபாரம் செய்கிறேன். கடைப் பெயரில் ஒரு தனியார் வங்கியில் நடப்புக் கணக்கு இருந்தது. போன மாதம் 4ஆம் தேதியிட்டு ஒரு கடிதம் வந்தது. 'உள் பரிசீலனைக்குப் பின் தங்கள் கணக்கை இன்றிலிருந்து 30 நாளில் மூடுகிறோம்' என்று இரண்டே வரி. காரணம் சொல்லவில்லை. கிளைக்குப் போய்க் கேட்டால், தலைமையகத்தின் முடிவு, எங்களுக்கும் தெரியாது என்கிறார்கள். பக்கத்துக் கடைக்காரர் வேறு இனத்தவர், என்னைவிடச் சின்ன வியாபாரம். அவருடைய கணக்கு அப்படியே இருக்கிறது. நாம் இந்தியர் என்பதால்தானோ என்று மனது கொதிக்கிறது. திருச்சியில் இருக்கும் அண்ணன் மகன், 'அத்தை, சமத்துவ உரிமை மீறல் என்று ஹைகோர்ட்டில் ரிட் போடுங்கள்' என்கிறான். மலேசியக் கூட்டரசு அரசியலமைப்பின் 8ஆவது பிரிவைக் காட்டி வழக்குப் போட முடியுமா? இன்னொன்று ஐயா, 23ஆம் தேதி சப்ளையருக்குக் கொடுத்த 8,400 ரிங்கிட் செக்கும் திரும்பிவிட்டது. கணக்கில் 31,000 ரிங்கிட்டுக்கு மேல் இருந்தது. இனி ரொக்கம் கொடுத்தால்தான் சரக்கு என்கிறார் அவர்."

அம்மா, சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். 8ஆவது பிரிவை வைத்து அந்த வங்கியின் மீது வழக்குப் போட்டால் தோற்பீர்கள். எதிர்த்தரப்பின் செலவுத் தொகையும் உங்கள் தலையில் விழும். ஆனால் கடைசியில் 'இன்னொன்று' என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்களே, அந்தத் திரும்பிய செக், அதில் உங்களுக்கு வழக்கு இருக்கிறது. முதலில் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டு அதற்கு வருகிறேன்.

8ஆவது பிரிவின் முதல் உட்பிரிவு, சட்டத்தின் முன் எல்லாரும் சமம் என்கிறது. இரண்டாவது உட்பிரிவு, சமயம், இனம், வம்சாவளி, பிறந்த இடம், பாலினம் ஆகியவற்றை மட்டும் காரணமாக வைத்துப் பாகுபாடு காட்டக் கூடாது என்கிறது. எங்கே காட்டக் கூடாது என்பதையும் அதே வாசகம் எல்லை கட்டிச் சொல்கிறது: சட்டத்தில், பொது அதிகார அமைப்பின் கீழுள்ள வேலைகளில், சொத்து, வியாபாரம், தொழில் பற்றிய சட்டங்களை நிர்வகிப்பதில். பொது அதிகார அமைப்பு யார் யார் என்று 160ஆவது பிரிவு பட்டியல் போடுகிறது. மாமன்னர், சுல்தான்கள், கூட்டரசு அரசாங்கம், மாநில அரசாங்கம், ஊராட்சி மன்றம், சட்டம் கொடுத்த அதிகாரத்தைச் செலுத்தும் அமைப்புகள், இவர்கள் சார்பில் செயல்படும் அதிகாரிகள் என்று அது நீள்கிறது. கம்பெனிச் சட்டத்தின் கீழ் பதிவான ஒரு வங்கி அந்தப் பட்டியலில் எங்கேயும் வராது.

இதில் சந்தேகம் இருந்தால், 2005-இல் நம் நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம் அதைத் தீர்த்துவிட்டது. நாங்கள் 'பியாட்ரிஸ் வழக்கு' என்று சொல்வோம். மலேசிய விமான நிறுவனத்தில் பணிப்பெண்ணாக இருந்தவர் கருவுற்றார். கருவுற்றால் வேலையை விட்டுவிட வேண்டும் என்று கூட்டு ஒப்பந்தத்தில் ஒரு விதி இருந்தது. அவர் விலக மறுத்தார், நிறுவனம் நீக்கியது. 8ஆவது பிரிவைப் பிடித்துக்கொண்டு உச்சிவரை போனார். நீதிமன்றம் சொன்னது இதுதான்: தனிமனிதரின் உரிமையை அரசோ அதன் அங்கங்களோ மீறும்போதுதான் அரசியலமைப்பு குறுக்கே வரும். ஒரு தனியார் தரப்பு இன்னொரு தனியார் தரப்பின் உரிமையை மீறினால் அதற்கு வேறு சட்டத்தைப் பாருங்கள். கூட்டு ஒப்பந்தமும் அந்தப் பிரிவு சொல்லும் 'சட்டம்' ஆகாது.

சரி, அந்த வங்கியின் பெரும் பங்கு அரசாங்க நிதி அமைப்புகளின் கையில் இருந்தால்? அப்படி வாதாடலாமா என்று சிலர் என்னிடம் கேட்டிருக்கிறார்கள். அம்மா, மலேசிய விமான நிறுவனத்தை விடவா அரசாங்க வாடை அடிக்கும் கம்பெனி வேண்டும்? அதையே நீதிமன்றம் பொது அதிகார அமைப்பாக எடுத்துக்கொள்ளவில்லை.

இதற்கு நேர் எதிராக ஒரு வழக்கு 2011-இல் ஷா ஆலம் உயர் நீதிமன்றத்தில் நடந்தது. அரசாங்கப் பள்ளியில் தற்காலிக ஆசிரியையாக ஒரு பெண்ணை எடுத்தார்கள். கர்ப்பமாக இருக்கிறேன் என்று அவர் சொன்னதும் வேலையைத் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். அவர் 8ஆவது பிரிவின்படி வழக்குப் போட்டு ஜெயித்தார். இரண்டு பெண்களுக்கும் ஏறக்குறைய ஒரே அநியாயம்தான். ஒருவர் எதிரே நின்றது கம்பெனி, மற்றவர் எதிரே நின்றது அரசாங்கம்.

பியாட்ரிஸ் தீர்ப்பின் மேல் எனக்கு மனத்தாங்கல் உண்டு, மறைக்கவில்லை. கணக்கு இல்லாமல் இன்று ஒரு கடை நடத்த முடியாது. சம்பளம், வாடகை, இபிஎஃப் சேமநிதி எல்லாம் அதன் வழியாகத்தான் போகின்றன. அப்படிப்பட்ட கதவைக் கையில் வைத்திருக்கிறவரைத் 'தனியார்' என்று சொல்லி விட்டுவிடுவது ஏட்டுச் சட்டமாகத்தான் எனக்குப் படுகிறது. தென்னாப்பிரிக்காவின் அரசியலமைப்பு, பொருத்தமான இடங்களில் தனியாரையும் அடிப்படை உரிமைகள் கட்டுப்படுத்தும் என்று வெளிப்படையாகவே எழுதி வைத்திருக்கிறது. நம்முடையதில் அந்த வரி இல்லை. தனியார் துறையில் இனப்பாகுபாட்டைத் தடுக்கும் பொதுவான சட்டம் ஒன்றையும் நாடாளுமன்றம் இதுவரை இயற்றவில்லை. பியாட்ரிஸ் தீர்ப்பை ஒருநாள் கூட்டரசு நீதிமன்றமே மாற்றலாம். உங்கள் கடைக் காசைச் செலவழித்து அதைச் சோதித்துப் பார்க்க நான் தயாராக இல்லை.

இப்போது உங்கள் அண்ணன் மகனுக்கு. தம்பி சொல்வதில் பாதி சரி. சென்னை உயர் நீதிமன்றத்திலும் அதன் மதுரைக் கிளையிலும் வங்கிகள் மீது ரிட் மனு, அதாவது அரசு அமைப்புக்கு உத்தரவு போடும்படி உயர் நீதிமன்றத்தை நேரடியாகக் கேட்கும் மனு, போடுவது சர்வசாதாரணம். இந்திய அரசியலமைப்பின் 226ஆவது பிரிவு அதற்கு இடம் தருகிறது. ஆனால் தம்பி செய்தியில் படிக்கும் வங்கி எது என்று பாருங்கள். இந்தியன் வங்கி, இந்தியன் ஓவர்சீஸ் வங்கி போன்றவை 1969-இல் நாட்டுடைமையான 14 வங்கிகளில் சேர்ந்தவை. அவை அங்கே அரசின் அங்கம். தனியார் வங்கி என்றால் கதை வேறு. 2003-இல் ஃபெடரல் வங்கி வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம், ரிசர்வ் வங்கியின் கட்டுப்பாட்டில் இயங்குவதால் மட்டும் ஒரு தனியார் வங்கி பொதுப் பணி செய்கிறது என்று ஆகிவிடாது, அதன் மீது ரிட் செல்லாது என்று சொல்லிவிட்டது. இன்னொரு வித்தியாசமும் உண்டு. கடை, உணவகம், ஓட்டல் போன்ற இடங்களில் இனம், சாதி பார்த்து யாரையும் தடுக்கக் கூடாது என்று இந்திய அரசியலமைப்பின் 15ஆவது பிரிவில் ஓர் உட்பிரிவு இருக்கிறது, அது தனியாரையும் பிடிக்கும். நம் 8ஆவது பிரிவில் அதற்கு இணையான வாசகம் இல்லை. அதனால் அங்கத்திய வாதத்தை அப்படியே கப்பலேற்றிக் கொண்டுவர முடியாது.

பினாங்குக்காரர்களுக்கு அந்த நாட்டுடைமைக் கதையில் ஒரு பங்கு இருக்கிறது. எம்.சிடி.எம். சிதம்பரம் செட்டியார் 1937-இல் தொடங்கிய இந்தியன் ஓவர்சீஸ் வங்கி ஆரம்ப காலத்திலேயே பினாங்கிலும் கிளை திறந்தது. 1969-இல் அது இந்திய அரசின் சொத்தானதும் இங்கே சிக்கல் வந்தது. வெளிநாட்டு அரசாங்கம் உரிமையாளராக உள்ள வங்கியை நம் நாட்டுச் சட்டம் அனுமதிக்கவில்லை. கடைசியில் இந்திய வங்கிகளின் இங்குள்ள கிளைகள் சேர்ந்து 1973-இல் யுனைடெட் ஏசியன் பேங்க் ஆனது. உங்கள் தெருவில் பழைய ஆட்கள் யாராவது இருந்தால் அந்தப் பெயரை நினைவு வைத்திருப்பார்கள்.

அப்படியானால் வங்கி விஷயத்தில் அரசியலமைப்புக்கு வேலையே இல்லையா? இருக்கிறது, பக்கவாட்டில் வரும். வங்கிக்குச் சாதகமான ஒரு சட்டத்தையே எதிர்க்கலாம். 1998 நெருக்கடியில் வாராக் கடன்களை வாங்கிக்கொள்ள டானாஹர்த்தா என்ற அரசு நிறுவனம் அமைக்கப்பட்டபோது, அதற்கு எதிராக நீதிமன்றம் தடையுத்தரவு கொடுக்கக் கூடாது என்று அதன் சட்டத்தில் ஒரு பிரிவு வைத்தார்கள். மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தப் பிரிவு செல்லாது என்றது, 2004-இல் கூட்டரசு நீதிமன்றம் அதைத் திருப்பிவிட்டது. இஸ்லாமிய வங்கி வழக்குகளில், நம் நாட்டின் மத்திய வங்கியான பேங்க் நெகாராவின் ஷரியா ஆலோசனை மன்றம் சொல்வதற்கு நீதிமன்றம் கட்டுப்பட வேண்டும் என்ற சட்டப் பிரிவையும் இப்படித்தான் எதிர்த்தார்கள். 2019-இல் ஒன்பது நீதிபதிகள் அமர்ந்து, ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் சட்டம் தப்பித்தது. இரண்டிலும் வங்கித் தரப்பு எதிரே நின்றாலும், எதிர்க்கப்பட்டது நாடாளுமன்றம் போட்ட சட்டம்.

இன்னொரு வழி, உங்கள் கணக்கை வங்கி தானாக மூடாமல் போலீசோ வேறு அமலாக்கத் துறையோ உத்தரவு போட்டு முடக்கியிருந்தால். பணமோசடித் தடுப்புச் சட்டத்தில் அவர்களுக்கு அந்த அதிகாரம் உண்டு. அது அரசு அதிகாரம் என்பதால் நீதிமன்றத்தில் மறுஆய்வு கேட்கலாம். அதற்கு உயர் நீதிமன்றத்தில் முதலில் அனுமதி வாங்க வேண்டும், முடிவு தெரிந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் போக வேண்டும். உங்களுக்கு வந்த கடிதம் அப்படிப்பட்டதாகத் தெரியவில்லை. பேங்க் நெகாரா மீது மறுஆய்வு போடலாமா என்று அடுத்துக் கேட்பீர்கள். அது சட்டப்படி அமைந்த பொது அமைப்பு, கொள்கையளவில் போடலாம். ஆனால் உங்கள் விஷயத்தில் அது இன்னும் எந்த முடிவும் எடுக்கவில்லையே, எதை மறுஆய்வு செய்யச் சொல்வது?

காரணம் சொல்லாதது பற்றிக் கொஞ்சம். பக்கத்துக் கடையோடு ஒப்பிட்டு எழுதியிருக்கிறீர்கள். இனம் காரணமாக இருக்கவே இருக்காது என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் வங்கியின் கம்ப்யூட்டர் உங்கள் கணக்கை எப்படிப் பார்த்திருக்கும் என்று யோசியுங்கள். தைப்பூசம், தீபாவளி நேரத்தில் திடீரென்று ரொக்கம் குவியும், அப்புறம் பித்தளைச் சரக்குக்காக இந்தியாவுக்குப் பணம் போகும். ஒரே நாளில் 25,000 ரிங்கிட்டோ அதற்கு மேலோ ரொக்கமாகப் போட்டால் வங்கி அதை பேங்க் நெகாராவுக்கு அறிவிக்க வேண்டும். அதற்குக் குறைவாக இருந்தாலும், சந்தேகம் என்று பட்டால் தனியாக அறிக்கை அனுப்ப வேண்டும். அப்படி அனுப்பியதை வாடிக்கையாளரிடம் சொன்னால் சொன்னவருக்குத் தண்டனை. ஆகவே கிளையில் இருப்பவர் 'எங்களுக்கும் தெரியாது' என்று சொன்னது அலட்சியமாகவும் இருக்கலாம், வாயைத் திறக்கக் கூடாது என்பதாலும் இருக்கலாம். தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ், என்னைப் பற்றி என்ன பதிந்து வைத்திருக்கிறீர்கள் என்று எழுதிக் கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. குற்றத் தடுப்பு சம்பந்தப்பட்டதை அவர்கள் மறைக்கலாம், மற்றதைக் கொடுத்தாக வேண்டும்.

இப்போது அந்தச் செக்குக்கு வருவோம்.

வங்கிக்கும் உங்களுக்கும் இருப்பது ஒப்பந்தம். கணக்கில் பணம் இருந்து, செக் ஒழுங்காக எழுதியிருந்தால், அதற்குப் பணம் கொடுப்பது வங்கியின் கடமை. கணக்கை மூடும் உரிமை வங்கிக்கு உண்டு என்றாலும் நியாயமான முன்னறிவிப்புக் கொடுக்க வேண்டும் என்பது பழைய விதி. 1923-இல் லண்டனில் ஒரு கம்பெனிக்கு லாயிட்ஸ் வங்கி ஒரு மாத அவகாசம் கொடுத்தது. அந்தக் கம்பெனியின் வியாபாரம் சிக்கலானது, அந்த அவகாசம் போதாது என்று நீதிபதி சொன்னார். அந்த மரபுதான் இங்கேயும் வருகிறது. நீங்கள் கணக்குத் திறந்தபோது கையெழுத்துப் போட்ட நிபந்தனைத் தாளில் 'எப்போது வேண்டுமானாலும் மூடலாம்' என்று இருக்கக்கூடும், அதைத் தேடி எடுத்துப் படியுங்கள். அப்படியே இருந்தாலும், 30 நாள் என்று வங்கியே கைப்பட எழுதிக் கொடுத்திருக்கிறது. 4ஆம் தேதியிட்ட கடிதம், 23ஆம் தேதி திரும்பிய செக். நடுவில் 19 நாள்தான். சொன்ன கெடுவுக்கு முன்பே, பணம் இருந்தும் செக்கைத் திருப்பியதற்கு வங்கி என்ன சமாதானம் சொல்லும் என்று நானும் கேட்க விரும்புகிறேன்.

செக்கோடு வந்த ரிட்டர்ன் சிலிப்பில் என்ன எழுதியிருக்கிறது என்று நீங்கள் சொல்லவில்லை. அது சப்ளையரிடம் இருக்கும், நாளைக்கே ஒரு நகல் வாங்கிவிடுங்கள். 'கணக்கு மூடப்பட்டது' என்று இருந்தால் உங்கள் கை ஓங்கும். கையெழுத்து ஒத்துப்போகவில்லை, தேதி தவறு என்று இருந்தால் வேறு விஷயம். முடக்க உத்தரவு பற்றிய குறிப்பு இருந்தால் எனக்கு உடனே எழுதுங்கள், அப்போது மேலே சொன்ன மூன்று மாதக் கணக்கு ஓட ஆரம்பித்திருக்கும்.

தவறாகச் செக் திருப்பிய வழக்கில் வியாபாரிக்கு ஒரு சலுகை உண்டு. சாதாரண வாடிக்கையாளர் தனக்கு என்ன நட்டம் என்று நிரூபிக்க வேண்டும். வியாபாரி என்றால், செக் திரும்பினாலே நாணயம் கெட்டுப்போகும் என்று நீதிமன்றம் எடுத்துக்கொண்டு ஓரளவு இழப்பீடு தரும். இருந்தாலும் ஆதாரம் இருந்தால் தொகை கூடும். 'இனி ரொக்கம்தான்' என்று சப்ளையர் வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தால் அழித்துவிடாதீர்கள். முன்பு எத்தனை நாள் கடன் கொடுத்தார், இப்போது ரொக்கம் புரட்ட எவ்வளவு வட்டி கட்டினீர்கள், சரக்கு வராமல் எந்த ஆர்டர் போனது, எல்லாவற்றுக்கும் பில் சேருங்கள்.

வங்கி உடனே நிபந்தனைத் தாளைக் காட்டி, 'எந்த நட்டத்துக்கும் வங்கி பொறுப்பல்ல' என்ற வரியை நீட்டும். பயந்துவிடாதீர்கள். ஒரு தம்பதி வீட்டுக் கடன் விஷயத்தில் சிஐஎம்பி வங்கி மீது போட்ட வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் இதைத் தீர்த்திருக்கிறது. மேம்பாட்டாளருக்குக் கட்ட வேண்டிய தவணையை வங்கி கட்டாமல் விட்டதால் தம்பதியின் வீடு ஒப்பந்தமே ரத்தானது. இழப்பீடு கேட்கவே முடியாதபடி கதவை முழுக்கச் சாத்தும் நிபந்தனை, 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 29ஆவது பிரிவின்படி செல்லாது என்று தீர்ப்பு வந்தது. உங்களைப் போன்றவர்களுக்கு 8ஆவது பிரிவு செய்யாததை இந்த 29ஆவது பிரிவு செய்திருக்கிறது என்பது என் கணிப்பு. ஒப்பந்தச் சட்டத்தைக் கொடி பிடித்து யாரும் கொண்டாடுவதில்லை, அவ்வளவுதான்.

எப்படிப் போவது? முதலில் வங்கியின் புகார்ப் பிரிவுக்குத் தேதி வாரியாக ஒரு கடிதம் எழுதுங்கள். இனப்பாகுபாடு என்ற குற்றச்சாட்டை அதில் முதல் பத்தியில் வைக்க வேண்டாம். 4ஆம் தேதி, 30 நாள், 23ஆம் தேதி, 31,000, 8,400, இவை பேசட்டும். எழுத்தில் இறுதிப் பதில் கேளுங்கள். அதன் நகலை பேங்க் நெகாராவின் பயனீட்டாளர் சேவைப் பிரிவான பிஎன்எம் லிங்க்குக்கும் அனுப்புங்கள். நிதிப் பயனீட்டாளர்களை நியாயமாக நடத்த வேண்டும் என்று பேங்க் நெகாரா 2019-இல் வங்கிகளுக்குக் கொள்கை ஆவணம் போட்டிருக்கிறது. பாகுபாடு பற்றிய உங்கள் மனக்குறையைச் சொல்வதற்கு இப்போதைக்குச் சரியான இடம் அதுதான். அவர்கள் உங்களுக்கு நட்ட ஈடு வாங்கித் தர மாட்டார்கள், ஆனால் வங்கியைக் கூப்பிட்டுக் கேட்க அவர்களால் முடியும்.

வங்கியின் இறுதிப் பதில் திருப்தி இல்லையென்றால், ஆறு மாதத்துக்குள், நிதி நிறுவனங்கள் மீதான புகார்களை நீதிமன்றத்துக்கு வெளியே தீர்த்து வைக்கும் நிதிச் சந்தை ஒம்புட்ஸ்மன் சேவைக்குப் போங்கள். பழைய நிதிச் சேவை ஒம்புட்ஸ்மன் 2025 ஜனவரியிலிருந்து இந்தப் பெயரில் இயங்குகிறது. வங்கி விஷயங்களில் 250,000 ரிங்கிட் வரை கேட்கலாம். கணக்கை மூடும் முடிவையே மாற்றித் தரும்படி கேட்டால், அது வங்கியின் வணிக முடிவு என்று கை விரிக்கத்தான் வாய்ப்பு அதிகம். அதனால் செக் திரும்பியதால் வந்த நட்டத்தைக் கேளுங்கள். தீர்ப்பை நீங்கள் ஏற்றுக்கொண்டால் வங்கியும் கட்டுப்பட வேண்டும். பிடிக்கவில்லையென்றால் மறுத்துவிட்டு நீதிமன்றத்துக்குப் போகலாம். முதலிலேயே வழக்குத் தொடுத்துவிட்டால் ஒம்புட்ஸ்மன் எடுக்க மாட்டார், அந்த வரிசையை மாற்றிவிடாதீர்கள். ஒப்பந்த மீறல் வழக்குக்கு ஆறு வருடம் அவகாசம் இருக்கிறது, அவசரம் இல்லை. 100,000 ரிங்கிட் வரை மாஜிஸ்திரேட் நீதிமன்றத்திலேயே போடலாம்.

உங்கள் பாக்கிப் பணத்துக்கு வங்கி பேங்கர்ஸ் செக் கொடுத்தால் வாங்கிக்கொள்ளுங்கள். 'முழுத் தீர்வாகப் பெற்றுக்கொண்டேன்' என்று எந்தத் தாளிலாவது கையெழுத்துக் கேட்டால் மட்டும் போடாதீர்கள். ஒம்புட்ஸ்மனிடம் போவதற்குக் கட்டணம் இல்லை, என்னைப் போன்ற வக்கீலும் தேவையில்லை. மகனை உட்கார வைத்து நீங்களே படிவத்தை நிரப்பிவிடலாம்.